ஹானா, கஹானு தோட்டம்: அண்ணாந்து பார்க்க வேண்டிய கூரை

ஹவாயின் மாவி தீவுக்குப் போகிறவர்கள் ஹானா சாலையில் அருவிக்கு அருவி நின்று படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். ஹானா ஊருக்குச் சற்று முன்னால் உலாயினோ சாலையில் திரும்பினால் இந்தத் தோட்டம். தயவுசெய்து அரை நாளாவது ஒதுக்குங்கள்.

பீயிலானிஹாலே என்ற மாபெரும் கல்மேடைக் கோயில் இங்கேதான் இருக்கிறது, சாந்து இல்லாமல் எரிமலைக் கல்லை அடுக்கியே எழுப்பியது. நூற்றுக்கும் மேற்பட்ட சீமைப்பலா ரகங்களும் உண்டு. இதெல்லாம் எல்லா ரிவ்யூவிலும் இருக்கும். எனக்குப் பிடித்தது கூரை வேய்ந்த படகுக் கொட்டகை.

ஹாலே என்கிற இந்தப் பாணி வீட்டில் ஆணிக்கு வேலையே இல்லை. தூணின் தலையை நாக்கு போலச் செதுக்கி, கைமரத்தின் அடியில் பிளவு வைத்து, இரண்டையும் பூட்டி, கயிற்றால் வரிந்து கட்டுவார்கள், அப்புறம் வரிச்சு என்கிற குறுக்குக் கம்புகள், அதன்மேல் புல்லோ ஓலையோ. ஒரு கயிற்றுக் கட்டைக் கிட்டப்போய்ப் பார்த்தேன்: கயிறு குறுக்கும் நெடுக்குமாக அத்தனை சுற்று ஓடியும் பக்கத்துப் பக்கத்துச் சுற்றுகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறவில்லை, விரலால் தள்ளினால் அசையவும் இல்லை.

இந்த வேலை ஏறக்குறைய அழிந்தே போயிருந்தது. ஹானாவைச் சேர்ந்த பிரான்சிஸ் சினென்சி போன்றவர்கள் ஊர் ஆட்களைச் சேர்த்துக் கட்டிக் கட்டியே கற்றுக்கொடுத்ததால்தான் மீண்டது. மாவி கவுண்டி, அதாவது அங்குள்ள உள்ளூர் நிர்வாகம், இதற்கென்று தனிக் கட்டட விதிகளே போட்டிருக்கிறது, முறையாகப் படித்துச் சான்று வாங்கியவர் மேற்பார்வையில்தான் கட்ட வேண்டும். இது எனக்கு ரொம்பப் பெரிய விஷயமாகப் பட்டது, ஏனென்றால் அரசு அனுமதி கிடைக்காத கைத்தொழில் கண்காட்சிப் பொருளாகத்தான் முடியும்.

தென்னைநார்க் கயிற்றுக்குப் பதில் இப்போது தார் பூசிய நைலான் கயிறும், ஓஹியா என்ற ஹவாயின் சொந்த மரத்துக்குப் பதில் சவுக்கும் காட்டுக் கொய்யாவும் போடுகிறார்கள். அதைக் குறை சொல்ல மாட்டேன். 2014-இல் கண்டறியப்பட்ட பூஞ்சை நோய் ஓஹியாவைக் கூட்டம் கூட்டமாகச் சாகடிக்கிறது. சவுக்கும் கொய்யாவும் அங்கே காட்டையே விழுங்கும் வந்தேறி மரங்கள், வெட்ட வெட்ட நல்லது. கட்டுப் போடும் கை பழகினால் போதும், கயிறு எதுவானால் என்ன?

ஒன்று மட்டும்: வேன் டூரில் போகாதீர்கள். எங்களை ஏற்றிப்போன வேனில் இறங்கி நிமிர்வதற்குள் ஹாரன் அடித்துவிட்டார்கள், மறுநாள் வாடகைக் காரில் போய்த்தான் நிதானமாகப் பார்த்தோம். மழை சட்டென்று வரும், வழுக்காத செருப்பு போட்டுக்கொள்ளுங்கள், கொசு மருந்தும் எடுத்துப்போங்கள்.