அம்மாவுக்காக வாங்கிய இரண்டு சுவிஸ் தேசப்படங்கள்

கொழும்பு காலி வீதியில் ஒரு புத்தகக் கடையில் 3,400 ரூபாவுக்கு வாங்கிய, லேமினேட் பண்ணிய பெரிய சுவிஸ் சுவர்ப்படம் எங்கள் வீட்டில் இப்போது அலுமாரிக்குப் பின்னால் சுருட்டி வைக்கப்பட்டிருக்கிறது. டி.ஆர். விஜேவர்தன மாவத்தைப் பழைய புத்தகக் கடைகளில் 700 ரூபாவுக்குக் கிடைத்த, மடிப்பெல்லாம் நைந்துபோன தேசப்படம் சாப்பாட்டு மேசையில் விரித்தபடி கிடக்கிறது. இரண்டையும் ஒரு மாதம் பாவித்துப் பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். வெள்ளவத்தை, பம்பலப்பிட்டி, கொட்டாஞ்சேனைப் பக்கம் சுவிஸில் பிள்ளைகளை வைத்திருக்கிற வீடுகள் நிறைய. யாராவது இதே சுவர்ப்படத்தைக் கண்டு ஆசைப்பட்டு எடுத்துவிடக்கூடும், அதற்கு முன் இதைப் படித்துவிட்டால் நல்லது.

வாங்கியது அம்மாவுக்கு. 76 வயது. அக்கா 1991இல் போனவர், குரொய்ற்ஸ்லிங்கன் என்ற ஊரில் இருக்கிறார், தம்பி பின்னால் போய் பாசலில் வேலை செய்கிறான். போன மாதம் ஒரு சனிக்கிழமை வட்ஸ்அப்பில் கதைக்கும்போது அக்கா சாதாரணமாக, "இப்பதான் அம்மா ஜேர்மனிக்குப் போய் மரக்கறி வாங்கிக்கொண்டு நடந்து வந்தனான்" என்று சொல்லிவிட்டார். போனை வைத்த பிறகு அம்மா வெகுநேரம் பேசவில்லை. அப்புறம் என்னைக் கூப்பிட்டு, "என்ன பிள்ளை, மரக்கறி வாங்க வேற நாட்டுக்கோ போறவள்? அதுவும் நடந்தோ?" என்று கேட்டார். இத்தனை வருடமாக மகள் ஏதோ பனிமலைக்கு நடுவில் இருக்கிறாள் என்றுதான் அம்மா நினைத்துக்கொண்டு இருந்திருக்கிறார். எங்களைச் சுற்றிக் கடல். வெளிநாடு என்றால் கட்டுநாயக்கா, பாஸ்போட், அழுகை, இவ்வளவுதான் எங்களுக்குத் தெரியும். ஒரு தெருவைக் கடந்தால் அடுத்த நாடு என்பதை வாயால் சொல்லிப் புரியவைக்க முடியவில்லை, அதனால்தான் தேசப்படம் தேடிப் போனேன்.

சரி, முதலில் சுவர்ப்படத்தின் நல்லதைச் சொல்கிறேன். அச்சு அருமை. 26 மாநிலங்களும் (அங்கே கன்ரோன் என்பார்கள்) தனித்தனி நிறம், எழுத்து பெரிது, அம்மா மூக்குக்கண்ணாடி இல்லாமலே சூரிச், பேர்ண் என்று எழுத்துக்கூட்டி வாசித்தார். ஏரிகளின் நீலமும் மலைகளின் மேடுபள்ளமும் வடிவாகத் தெரிகின்றன. ஜெனீவா மாநிலம் பிரான்ஸுக்குள் நாக்கை நீட்டிக்கொண்டு கிடப்பதைக்கூட அதில்தான் நானே முதலில் விளங்கிக்கொண்டேன்: அந்த மாநிலத்தின் எல்லையில் 100 கிலோமீற்றருக்கு மேல் பிரான்ஸுடன், மீதி சுவிஸுடன் ஒட்டிக்கொண்டிருப்பது நாலரைக் கிலோமீற்றர் மட்டுமே.

பிரச்சினை எல்லைக்கோட்டுக்கு வெளியே. அங்கே எல்லாம் ஒரே சாம்பல் நிறம். ஐந்து அயல் நாடுகளில் நாலின் பெயரை மட்டும் அச்சடித்துவிட்டு விட்டிருக்கிறார்கள், ஒரு ஊர் இல்லை, ஒரு தெரு இல்லை, ரயில் பாதை எல்லாம் கோட்டில் வந்து அறுந்து நிற்கிறது. நான் அக்காவின் ஊரைத் தொட்டுக் காட்டினேன். அம்மா விரலை மேலே நகர்த்தி, "இதுக்கு அங்கால என்ன இருக்கு?" என்றார். படத்தில் ஒன்றுமே இல்லை. உண்மையில் அங்கே ஜேர்மனியின் கொன்ஸ்டான்ஸ் என்ற முழு நகரம் இருக்கிறது, குரொய்ற்ஸ்லிங்கனும் அதுவும் வீடுக்கு வீடு ஒட்டி வளர்ந்துபோன ஊர்கள். எங்கள் வெள்ளவத்தையும் தெஹிவளையும் மாதிரி.

ஐந்தாவது அயல் நாடு லிக்டன்ஸ்டைன். அதையும் சுவிஸ் மாநிலங்களைப் போலவே நிறம் பூசி உள்ளே சேர்த்துவிட்டார்கள். 1923 ஒப்பந்தத்தால் இரண்டுக்கும் ஒரே சுங்கம், காசும் ஒரே பிராங்க்தான் என்பது உண்மை, ஆனால் அது 160 சதுரக் கிலோமீற்றரில் தனி நாடு, சுவிஸுடன் 41 கிலோமீற்றர் எல்லை அதற்கு இருக்கிறது. பாசல் விமான நிலையத்தின் விமானப் படத்தைச் சுவிஸுக்குள்ளேயே போட்டிருக்கிறார்கள், அதுவும் பிழை. அந்த நிலையம் முழுவதும் பிரான்ஸ் மண்ணில் நிற்கிறது, 1949இல் இரண்டு நாடுகளும் உடன்படிக்கை செய்து சேர்ந்து நடத்துகின்றன, வெளியே வருவதற்குப் பிரான்ஸ் பக்கம் ஒரு வாசல், சுவிஸ் பக்கம் ஒரு வாசல். லண்டனிலிருந்து வந்த எங்கள் சித்தப்பா பிரான்ஸ் வாசலால் வெளியே போய் நின்றுகொண்டு, தம்பி வரவில்லை என்று முக்கால் மணித்தியாலம் கோபப்பட்டவர். கொன்ஸ்டான்ஸ் ஏரிக்கு நடுவில் தடித்த சிவப்புக் கோடு போட்டதைத்தான் என்னால் ஏற்கவே முடியவில்லை. அந்த ஏரியின் பெரிய மேற்பகுதியில் எல்லை எங்கே என்று சுவிஸும் ஜேர்மனியும் ஒஸ்திரியாவும் இன்றுவரை உடன்பட்டதே இல்லை. நடுவில் பிரி என்பது சுவிஸ் கட்சி, எல்லோருக்கும் பொது என்பது ஒஸ்திரியாவின் கட்சி, ஜேர்மனி ஒரு பக்கமும் சாயவில்லை. கோடு இல்லாமலே மூன்று நாடும் படகு விட்டு மீன் பிடித்துக்கொண்டு சமாதானமாக இருக்கின்றன.

இன்னொன்று, லேமினேட் பளபளப்பானது. எங்கள் வீட்டில் பின்னேரம் நாலு மணிக்கு மேற்கு யன்னல் வெயில் அதில் பட்டால் கீழ்ப்பக்கம், அதாவது இத்தாலிப் பக்கம், முழுக்க வெள்ளையாகிவிடும். கடைக்குத் திருப்பிக் கொண்டுபோனேன், பிரித்த சாமான் எடுக்க மாட்டோம் என்றார்கள். மாற்றியாவது தாருங்கள் என்று கேட்டேன், அதுவும் இல்லை.

அதற்குப் பிறகுதான் ஒரு ஞாயிறு காலை விஜேவர்தன மாவத்தைப் பக்கம் போனேன். நாலாவதோ ஐந்தாவதோ கடையில், பழைய கணக்கியல் புத்தகங்களுக்கு அடியிலிருந்து கடைக்காரத் தம்பி ஒருவர் இழுத்து எடுத்துத் தந்தார். 1997இல் அச்சடித்த மடிப்புப் படம், மூன்று லட்சத்துக்கு ஒன்று என்ற அளவு. ஈரப் புழுக்க மணம், இரண்டு மடிப்பில் கிழிசல், பழைய சொந்தக்காரர் யாரோ சூரிச்சிலிருந்து கொத்தார்ட் மலைவழியாக எல்லை ஊரான கியாஸ்ஸோ வரை நீல மையால் கோடு இழுத்து, எல்லையில் ஒரு வட்டம் போட்டு, பக்கத்தில் 6.40 என்று எழுதியிருக்கிறார். வட்டத்துக்கு அங்கால் இத்தாலியின் கோமோ வரை அந்தக் கோடு போகிறது. அதைப் பார்த்தவுடனே விலை பேசாமல் வாங்கிவிட்டேன். ஏனென்றால் இந்தப் படத்தில் தெருக்கள் எல்லையில் நிற்கவில்லை. இத்தாலியில் மிலான் வரை, பிரான்ஸில் ஸ்ட்ராஸ்பூர்க் வரை, ஒஸ்திரியாவில் இன்ஸ்புரூக் வரை எல்லாம் இருக்கிறது, சுங்கச்சாவடி இருக்கிற இடங்களில் சின்னச் சின்னக் குறிகளும் இருக்கின்றன.

அன்று இரவு அம்மாவும் நானும் ஒரு உருப்பெருக்கிக் கண்ணாடியை வைத்துக்கொண்டு அந்த எல்லையைச் சுற்றிப் போனோம். மொத்தம் 1,935 கிலோமீற்றர், அதில் இத்தாலியோடுதான் மிக நீளம். ஷாஃப்ஹவுசன் பக்கத்தில் ஜேர்மன் நிறத்தில் ஒரு சின்னத் துண்டு தனியாகக் கிடந்தது, அம்மாவின் கண்ணில்தான் பட்டது. பூசிங்கன் என்று ஊர். சுற்றிவர சுவிஸ், உள்ளே ஜேர்மனி, ஏழரைச் சதுரக் கிலோமீற்றர், கொழும்பு மாநகரத்தில் ஐந்தில் ஒரு பங்கு. முதலாம் உலகப் போர் முடிந்த கையோடு அங்கே வாக்கெடுப்பு வைத்தார்கள், பெரும்பாலும் எல்லோருமே சுவிஸோடு சேரத்தான் வாக்களித்தார்கள், ஆனால் மாற்றிக் கொடுப்பதற்கு ஏற்ற நிலம் கிடைக்காததால் அது நடக்கவில்லை. 1967இலிருந்து ஒப்பந்தப்படி சுவிஸ் சுங்கத்துக்குள் இருக்கிறது, சுவிஸ் பிராங்க் ஓடுகிறது, கடிதம் போடுவதற்கு ஜேர்மன் இலக்கம் ஒன்று, சுவிஸ் இலக்கம் ஒன்று. சுவர்ப்படத்தில் இந்த ஊரே இல்லை. லுகானோ ஏரிக்கரையில் இருக்கிற இத்தாலித் துண்டான கம்பியோனேயும் அதில் இல்லை.

பழைய படத்துக்கும் குறை இருக்கிறது, அதையும் சொல்லத்தான் வேண்டும். வருடம் பழையது. எல்லையில் பாஸ்போட் சோதனையை நீக்கிய ஷெங்கன் நாடுகளோடு சுவிஸ் சேர்ந்தது 2008 டிசம்பரில், அதனால் இந்தப் படத்தின் சாவடிக் குறிகளைப் பார்த்து இப்போதும் ஒவ்வொரு இடத்திலும் பாஸ்போட் காட்ட வேண்டும் என்று நினைக்கக் கூடாது. ஆனால் ஐரோப்பிய ஒன்றியத்தில் சுவிஸ் இல்லாததால் சுங்கம் இன்னும் இருக்கிறது. அக்கா ஜேர்மனியில் சாமான் வாங்கினால் பச்சைத் துண்டில் சுங்க முத்திரை குத்தி வரிக்காசைத் திரும்ப எடுப்பார். இறைச்சி ஆளுக்கு ஒரு நாளைக்கு ஒரு கிலோவுக்கு மேல் கொண்டுவந்தால் தீர்வை, மொத்தச் சாமான் ஆளுக்கு 150 பிராங்கைத் தாண்டினால் சுவிஸ் வரி, 2025க்கு முன் அது 300 ஆக இருந்தது. பிறந்தநாளுக்கு ஆட்டிறைச்சி வாங்கப் போகும்போது மருமக்களையும் ஏன் கூட்டிக்கொண்டு போகிறார் என்று அம்மாவுக்கு இப்போதுதான் விளங்கியது.

பாசலில் ட்ராம் ஏறி ஜேர்மனிக்கும் பிரான்ஸுக்கும் போகலாம், 8ஆம் இலக்கம் வைல் ஆம் ரைனுக்கு, 3ஆம் இலக்கம் சென் லூயிக்கு. முதலாவது 2014இல், மற்றது 2017இல் நீட்டியவை, அதனால் பழைய படத்தில் இல்லை. நான் பென்சிலால் வரைந்துவிட்டேன். மட்டர்ஹோர்ன் மலைப் பக்கத்தில் தெயோடூல் பனியாறு உருகிக் குறைவதால் நீர்பிரி மேடு நகர்ந்து, அதோடு இத்தாலி எல்லையும் நகர்ந்துவிட்டது, 2024 செப்டெம்பரில்தான் சுவிஸ் அரசு புதிய கோட்டுக்குச் சம்மதம் கொடுத்தது. இதை நான் வாசித்துச் சொன்னதும் அம்மா உடனே, "எங்கட ஊரில கதியால் தள்ளிப் போடுவினம், அங்க பனியே தள்ளுதோ" என்றார். ஊரில் இரண்டு அடி நிலத்துக்காக இருபது வருடம் வழக்காடிய குடும்பங்களைப் பார்த்தவர் அம்மா. இரண்டு நாடுகள் ஒரு மேசையில் உட்கார்ந்து பேசித் தீர்த்துக்கொண்டார்கள் என்பதை இரண்டு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டார்.

அடுத்த கிழமை அக்கா எடுத்தபோது அம்மா படத்தை முன்னால் வைத்துக்கொண்டு கதைத்தார். அப்போதுதான் எனக்கும் தெரியாத ஒன்றை அக்கா சொன்னார். போன புதிதில் குரொய்ற்ஸ்லிங்கனுக்கும் கொன்ஸ்டான்ஸுக்கும் நடுவில் கம்பி வேலி இருந்தது. இலங்கைப் பாஸ்போட்டோடு ஜேர்மனிக்குள் போக விசா வேண்டும். பின்னேரங்களில் ஏரிக்கரையில் நடந்துபோய் அந்த வேலியடியில் நின்று, அந்தப் பக்கம் ஆட்கள் சைக்கிளில் போவதைப் பார்த்துக்கொண்டு நிற்பாராம். 2006இல் வேலியைக் கழற்றி, அந்த இடத்தில் 22 சிற்பங்களை வைத்தார்கள். 2020இல் கொரோனாவுக்குத் திரும்பவும் வேலி போட்டார்கள், ஒன்றல்ல, இரண்டு, நடுவில் இடைவெளி விட்டு. காதலர்கள் இரண்டு பக்கமும் நின்று சத்தமாகக் கதைத்தார்கள். "அப்ப எனக்குப் பழைய ஞாபகம் வந்துட்டுது அம்மா" என்று அக்கா சொன்னார். அம்மா ஒன்றும் சொல்லவில்லை, படத்தில் அந்த இடத்தை விரலால் தடவிக்கொண்டே இருந்தார்.

சுவர்ப்படத்தைப் பள்ளிக்கூடத்துக்கோ, மாநிலங்களைப் பாடமாக்குகிற பிள்ளைக்கோ வாங்கலாம், அந்த வேலையை அது ஒழுங்காகச் செய்கிறது. ஆனால் அங்கே ஒருவர் எப்படி வாழ்கிறார் என்று பார்க்க வாங்கினால் காசு வீண். அயல் நாடுகளிலிருந்து சுமார் 4 லட்சம் பேர் நாளாந்தம் எல்லை தாண்டி வந்து வேலை செய்கிற நாட்டுக்கு, எல்லையில் கத்தரித்த படம் எதற்கு? விற்கிறவர்கள் அடுத்த பதிப்பிலாவது கோட்டுக்கு வெளியே 20 கிலோமீற்றரைப் போட வேண்டும், இதை உண்மையாகவே கேட்டுக்கொள்கிறேன்.

பழைய புத்தகக் கடையில் தேடப் போகிறவர்கள் படத்தைக் கடைக்கு வெளியே வெளிச்சத்தில் முழுக்க விரித்துப் பாருங்கள், நடு மடிப்புச் சந்திகளில் ஓட்டை இருக்கும், அந்த ஓட்டையில் ஒரு ஊர் போயிருக்கும் (என்னுடையதில் லூசேர்ன் பாதி இல்லை). முதலில் இடது பக்க மேல் மூலையில் பாசலைப் பாருங்கள், மூன்று நாட்டுத் தெருக்களும் அங்கே சந்திக்கிறதா என்று தெரிந்துவிடும். என்னுடையதைப் பின்பக்கம் துணி ஒட்டி, பளபளப்பு இல்லாத லேமினேட் போடக் கொடுக்கலாம் என்றால், அம்மா இன்னும் விடவில்லை. தம்பியின் வேலைத்தளத்துக்குப் பக்கத்தில் ரைன் ஆறு எந்த இடத்தில் பிரான்ஸுக்குப் போகிறது என்று பார்த்து முடியட்டுமாம்.