மணல்காட்டில் ஒரு விடியற்காலை நடை

சத்திரசிகிச்சை விடுதியில் 27 வருசமாகத் தாதியாக வேலை செய்கிறேன். லீவு நாளில் எனக்கு வேண்டியதெல்லாம் தலைக்குள் ஓடுகிற சத்தம் கொஞ்சம் அடங்குவதுதான். போன வருசம் ஒருவரிடம் காசு கட்டி ஒரே நாளில் ஏழு இடம் பார்த்தோம். உச்சி வெயிலில் இறக்கினார்கள், ஏற்றினார்கள், வாகனத்துக்குள் பாட்டு அலறியது. வீட்டுக்கு வந்து இரண்டு நாள் தலையிடி. அதனால் நெல்லியடியில் மூன்று இளம் பிள்ளைகள் சேர்ந்து, யாழ்ப்பாணத்து வடமராட்சி கிழக்கில் மணல் மேடுகள் உள்ள மணல்காடு என்ற கடலோர ஊரில் நடத்துகிற இந்த நடைக்கு மகள் பதிந்து தந்தபோது அரை மனதோடுதான் மச்சாளையும் கூட்டிக்கொண்டு போனேன்.

நடைக்கு முதல் நாள் பின்னேரமே அவர்களில் ஒரு தம்பி போன் எடுத்தார். "அக்கா, பிரஷருக்குக் குளிசை எடுக்கிறீங்களோ? முழங்கால் நோ இருக்கோ? கடைசியா எப்ப ஒரு மணித்தியாலம் நிக்காமல் நடந்தனீங்கள்?" என்று வரிசையாகக் கேட்டார். பிறகு மச்சாளிடம், "கடலுக்குக் கிட்டப் போக விருப்பமோ, தள்ளி இருக்க விருப்பமோ?" என்றார். மச்சாள் வடமராட்சி கிழக்கில் பிறந்தவள். 2004 ஆழிப்பேரலைக்குப் பிறகு கடற்கரைப் பக்கமே போனதில்லை. அதை அவள் யாருக்கும் சொல்வதுமில்லை, யாரும் கேட்டதுமில்லை. "தள்ளி" என்றாள். அதற்கு மேல் அவர் ஒன்றும் கேட்கவில்லை.

காலை 5.30க்குத் தொடங்கினோம், ஆறே பேர். இறுகிய தரையில் கால்மணி நேரம் நடந்து கால் சூடேறிய பிறகுதான் மணலில் இறக்கினார்கள். இறுகிய தரையில் நடப்பதைவிட மணலில் நடக்க உடம்புக்கு இரண்டு மடங்குக்கு மேல் சக்தி வேண்டும். இதை அறியாமல் வயதானவர்களை நேரே மணல் மேட்டில் ஏற்றினால் பத்து நிமிசத்தில் மூச்சு வாங்கும். கதைத்துக்கொண்டே நடக்கச் சொன்னார்கள். ஒருவருக்கு மூச்சு வாங்கிக் கதை அறுந்தால் எல்லோரும் நிற்போம். ஆகப் பின்னுக்கு வந்தவர்தான் அன்றைக்கு எங்களுக்கு வேகம் வைத்தவர். உப்பும் தேசிக்காயும் விட்ட தண்ணீர் தாகம் வருமுன்னமே கைக்கு வந்தது. மேட்டில் நேரே ஏறாமல் சரித்துச் சரித்து ஏறினோம். இராவணன் மீசைப் புல்லும் அடம்பன் கொடியும் மணலைப் பிடித்து வைத்திருக்கிற இடங்களைச் சுற்றித்தான் போக வேண்டும் என்பதில் கண்டிப்பு. அந்தக் கண்டிப்பு எனக்குப் பிடித்தது.

பிறகு சவுக்கங்காட்டு ஓரத்தில் இருத்தினார்கள். ஆவணி மாதம், சோளகம் என்கிற தென்மேற்குக் காற்று நல்லாக வீசுகிறது. ஆனால் முதுகுக்குப் பின்னால் மரங்கள் நின்று காற்றை உடைப்பதால் கண்ணுக்குள் மணல் விழவில்லை. முன்னால் கடல் முழுக்கத் தெரியும். முதுகு மறைவாகவும் பார்வை திறந்தும் இருக்கிற இடத்தில்தான் மனிதருக்கு மனம் ஆறும் என்று ஜே அப்பிள்டன் என்ற ஆங்கிலேயர் 1975இல் எழுதியிருக்கிறாராம். மச்சாளுக்கு அந்தப் பெயர் தேவைப்படவில்லை. சவுக்க மரமொன்றில் சாய்ந்து இரண்டு கையாலும் சருகை அளைந்தபடி கடலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

போன்கள் பைக்குள் போயின. இருபது நிமிசம் ஒருவரும் கதைக்கவில்லை. சவுக்கிலையில் காற்று இழுபடுகிற அந்த நீளமான சத்தம் மட்டும். ஒரு நண்டு வளைக்குள்ளிருந்து மணலை அள்ளிக்கொண்டு வந்து எறிந்துவிட்டுத் திரும்ப உள்ளே போனது. எத்தனை தரம் என்று எண்ணத் தொடங்கி எண்ணிக்கையை விட்டுவிட்டேன். இழுத்துப் பிடித்து வைக்கிற கவனம் களைத்துப் போகும், இப்படித் தானாகப் போய் ஒட்டுகிற கவனம் அந்தக் களைப்பை ஆற்றும் என்பது மிச்சிகன் பல்கலைக்கழகத்து ரேச்சல், ஸ்டீவன் கப்லான் தம்பதியின் விளக்கம். மருந்துப் பட்டியலை மூன்று தரம் சரிபார்க்கிற வேலை செய்கிறவளுக்கு முதல்வகைக் களைப்பு நல்லாகத் தெரியும்.

தம்பி சொன்ன இன்னொரு பெயரை வீட்டுக்கு வந்து தேடி வாசித்தேன். ரோஜர் உல்ரிக் என்ற ஆய்வாளர், 1984இல் வந்த ஆய்வு. அமெரிக்காவில் பென்சில்வேனியாவில் ஒரு ஆஸ்பத்திரி, பித்தப்பை எடுத்த 46 நோயாளிகள். பாதிப்பேருக்கு யன்னலால் மரம் தெரியும், மற்றப் பாதிக்குச் செங்கல் சுவர். மரம் தெரிந்தவர்கள் முந்தி வீடு போனார்கள், கடுமையான நோமருந்தும் குறையத்தான் கேட்டார்கள். அவர்களைப் பற்றித் தாதிமார் எழுதிய குறிப்புகளில் "அழுகிறார், மனம் சோர்ந்திருக்கிறார்" என்ற மாதிரி வரிகளும் குறைவு. எங்களைப் போன்றவர்கள் இரவு டியூட்டியில் அவசரமாக எழுதுகிற குறிப்புத்தான் அங்கே சாட்சி. எங்கள் விடுதியிலும் வேப்பமரம் தெரிகிற கட்டில் ஒன்று இருக்கிறது. எல்லோரும் அதைத்தான் கேட்பார்கள்.

குறைகளும் சொல்ல வேண்டும். மணலில் பாதி புதைந்த பழைய அந்தோனியார் கோயிலடியில் விளக்கம் நீண்டுவிட்டது. எட்டரை மணி வெயிலில் அரைமணி நேரம் நின்றோம். அவ்வளவு கவனமாகப் பாதை போட்டவர்கள் அந்தக் கதையைச் சவுக்கு நிழலிலேயே சொல்லியிருக்கலாம். கழிவறைக்கு வழியில் ஒரு வீட்டை ஒழுங்கு செய்திருந்தார்கள், சுத்தமாகத்தான் இருந்தது. ஆனால் அதை முன்னமே சொல்லியிருந்தால் நாங்கள் பயந்து தண்ணீரைக் குறைத்திருக்க மாட்டோம். பெண்களுக்கு இது சின்ன விசயமில்லை.

தலைக்கு 3500 ரூபாய், கிடுகுக் கொட்டிலில் புட்டும் சம்பலும் உட்பட. மாரியில் நடத்துவதில்லை. முழங்கால் நோ உள்ளவர்கள் மறைக்காமல் சொல்லுங்கள், மேட்டை விட்டுக் கீழ்ப்பாதையால் கூட்டிப்போவார்கள். பங்குனி நடைக்கு முன்பணம் கட்டிவிட்டோம். மச்சாள் தன் பங்கைத் தானே கொடுத்தாள், இந்த முறையும் "தள்ளி" என்றுதான் சொல்லியிருக்கிறாள்.