யாத் எலியாஹு: டால் பிராடி ஆடிய அரங்கம் எப்படி?

டெல் அவிவின் மெனோரா மிவ்தாஹிம் கூடைப்பந்து அரங்கத்துக்கு யாத் எலியாஹு என்ற பழைய பெயரே பொருத்தம். 1963-இல் திறந்தபோது கூரை கிடையாது. அது 1972-இல்தான் வந்தது. இன்று 10,000 பேருக்கு மேல் உட்காரலாம்.

அமெரிக்க யூதக் கூடைப்பந்து வீரரான டால் பிராடியை 1965 என்பிஏ டிராஃப்டில் (அமெரிக்கத் தொழில்முறை லீக்கின் அணிகள் புதிய வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் முறை) பால்டிமோர் புல்லட்ஸ் 12-ஆவதாகத் தேர்ந்தெடுத்தது. அதை விட்டுவிட்டு அவர் இந்த அரங்கின் அணியான மக்காபி டெல் அவிவில் சேர்ந்தார். ஆனால் 1977-இல் மக்காபி, சோவியத் அணியான சிஎஸ்கேஏ மாஸ்கோவை 91-79 என வீழ்த்திய ஆட்டத்தின் தடத்தைத் தேடி இங்கே வந்தால் ஏமாற்றம்தான். சோவியத் அணி டெல் அவிவ் வர மறுத்ததால் அது பெல்ஜியத்தின் விர்டோனில் நடந்தது. 2004 யூரோலீக் (ஐரோப்பியக் கழகங்களின் முதன்மைக் கூடைப்பந்துத் தொடர்) இறுதிப்போட்டி மட்டும் இதே அரங்கில்: இத்தாலியின் ஃபோர்டிடூடோ போலோன்யாவை மக்காபி 118-74 என வென்றது. அப்படியொரு இறுதிப்போட்டி அபூர்வம்!

இருக்கை விஷயத்தில் அவசரப்படக்கூடாது. கூடைக்குப் பின்னால் தாழ்வான வரிசையில் உட்கார்ந்தால் பலகையும் அதன் தாங்கியும் எதிர்முனையை மறைக்கும். பந்து வளையத்தில் விழுந்ததா என்பதே கூட்டத்தின் கத்தலை வைத்துத்தான் தெரியும். நீளவாட்டில், சற்று உயரமான வரிசை மேல். திரை போடுபவர் (சக வீரருக்காக எதிராளியின் வழியை உடலால் மறிப்பவர்) எந்தப் பக்கம் திரும்பி ஓடுகிறார், தடுப்பாளர் எங்கே தாமதிக்கிறார் என்பதெல்லாம் அங்கிருந்து பளிச்சென்று தெரியும்.

ரயிலில் வந்தால் ஹஹகனா நிலையத்தில் இறங்கி நடக்கலாம். வெள்ளி பிற்பகல் முதல் சனி இரவு வரை ரயில் ஓடாது. 2023 அக்டோபருக்குப் பின் மக்காபியின் யூரோலீக் சொந்த மண் ஆட்டங்கள் பெல்கிரேடுக்கு மாறின. எனவே விமான டிக்கெட்டுக்கு முன் அட்டவணையில் ஊர்ப் பெயரைப் பாருங்கள்.