பதிவாகாத ஃப்ளாட் ஒப்பந்தம்: மும்பையில் எந்தக் காகிதம் எதுவரை செல்லும்?

ஊரில் வீடு வாங்கிப் பழகியவர்களுக்கு ஒரு வரிசை மனதில் இருக்கும். முதலில் விற்பனை ஒப்பந்தம், அப்புறம் கிரயப் பத்திரம். ஒப்பந்தம் பதிவாகாவிட்டாலும் கிரயத்தின்போது எல்லாம் சரியாகிவிடும். செம்பூரிலோ டோம்பிவிலியிலோ ஃப்ளாட் பார்க்கும்போது இந்தக் கணக்கு உதவாது. பில்டரிடம் புதிதாக வாங்குபவருக்கு ‘அக்ரிமெண்ட் ஃபார் சேல்’தான் பெரும்பாலும் கைக்கு வரும் ஒரே பத்திரம். நிலத்தின் கிரயம் பின்னாளில் சொசைட்டி (ஃப்ளாட்காரர்களின் கூட்டுறவுச் சங்கம்) பெயருக்குப் போகும். அக்ரிமெண்ட் பதிவைத் தள்ளிப்போட்டால், பிறகு பார்த்துக்கொள்ள இன்னொரு பத்திரம் கிடையாது.

பில்டர் தரும் அலாட்மெண்ட் லெட்டரை (ஒதுக்கீட்டுக் கடிதம்) முதலில் பார்ப்போம். இதைப் பலர் வெறும் ரசீது என்று நினைக்கிறார்கள். ரெரா என்னும் ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டத்தின் 13-ஆம் பிரிவுப்படி, ஒப்பந்தத்தைப் பதிவு செய்யாமல் விலையில் 10 சதவீதத்துக்கு மேல் பில்டர் வாங்கக் கூடாது. அதற்கு முந்தைய மோஃபா என்னும் மகாராஷ்டிர ஃப்ளாட் உரிமைச் சட்டத்தில் (1963) இந்த வரம்பு 20 சதவீதம். வரம்பை மீறி வாங்கினால் தப்பு பில்டருடையது, உங்களுடையது அல்ல. ரெராவில் ‘அலாட்டி’ (ஒதுக்கீடு பெற்றவர்) யார் என்று சொல்லும் இடத்தில் பதிவைப் பற்றிய பேச்சே இல்லை. எனவே லெட்டரும் வங்கி வழியாகப் பணம் போன ஆதாரமும் இருந்தால் மகாரெராவில் (மகாராஷ்டிராவின் ரெரா ஆணையம்) புகார் கொடுக்க வழி உண்டு. ரொக்கமாகக் கொடுத்த பணத்தை நிரூபிப்பது தனிப் போராட்டம்.

அடுத்தது, மறுவிற்பனையில் புரோக்கர்கள் நீட்டும் 500 ரூபாய் ஸ்டாம்ப் பேப்பர் ஒப்பந்தம். நோட்டரி முத்திரை, சிவப்பு சீல், இரண்டு சாட்சி எல்லாம் இருக்கும். “நோட்டரி பண்ணியாச்சு சார், பக்கா” என்பார்கள். நோட்டரி உறுதிப்படுத்துவது யார் கையெழுத்துப் போட்டார் என்பதைத்தான். அது பதிவும் ஆகாது, முத்திரைத் தீர்வை கட்டியதாகவும் ஆகாது.

இந்த இரண்டையும் நாம் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்கிறோம். என் பார்வையில் மும்பையில் பதிவு இல்லாததைவிட முத்திரை இல்லாததுதான் முதல் சிக்கல்.

பதிவு இல்லாவிட்டால் என்ன ஆகும்? பதிவுச் சட்டத்தின் 49-ஆம் பிரிவிலேயே ஒரு விதிவிலக்கு இருக்கிறது. ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தரச் சொல்லிப் போடும் வழக்கில், பதிவாகாத ஒப்பந்தத்தையும் சாட்சியமாக ஏற்கலாம். தமிழ்நாட்டில் 2012 முதல் விற்பனை ஒப்பந்தத்தைக் கட்டாயம் பதிய வேண்டும். அங்கிருந்து போன ஒரு வழக்கில்கூட இந்த விதிவிலக்கு செல்லும் என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பில்டரோடு போட்ட ஒப்பந்தம் என்றால் மோஃபாவின் 4ஏ பிரிவும் இதையே சொல்கிறது.

முத்திரைக்கு இப்படி விதிவிலக்கு எதுவும் இல்லை. மகாராஷ்டிர முத்திரைச் சட்டத்தின் 34-ஆம் பிரிவுப்படி, தீர்வை குறைந்த பத்திரத்தை நீதிமன்றம் சாட்சியமாகத் தொடாது. வீட்டை ஒப்படைக்கும் ஏற்பாடு அடங்கிய ஒப்பந்தத்துக்கு இங்கே கிரயத்துக்கு உரிய முழுத் தீர்வை. சாவி பிறகுதான் வரும் என்றாலும் அப்படித்தான் என்று 1999-லேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. 1 கோடி ரூபாய் ஃப்ளாட்டை ஆண் பெயரில் வாங்கினால் மும்பையில் 6 சதவீதம், அதாவது 6 லட்சம். கட்டாமல் விட்டால் அபராதம் மாதம் 2 சதவீதம். 12,000 ரூபாய் வீதம் ஏறிக்கொண்டே போய், கட்டாமல் விட்ட தீர்வையின் நான்கு மடங்குவரை தொடலாம். வழக்குப் போடும் நாளில் முதலில் இந்தப் பணத்தைக் கட்ட வேண்டும்.

சரி, முழுத் தீர்வையும் கட்டிவிட்டு பதிவை மட்டும் விட்டவர்? இதுதான் எனக்குப் புரியாத சிக்கனம். பதிவுக் கட்டணம் 1 சதவீதம், உச்சம் 30,000 ரூபாய். 6 லட்சம் கட்டியவர் இந்த 30,000-ஐ மிச்சம் பிடிக்கிறார். பதிவு செய்தவருக்கு ‘இண்டெக்ஸ் டூ’ என்ற பதிவு விவரச் சான்று கிடைக்கும். அது பதிவேட்டில் ஏறியபின் அடுத்து வாங்குபவர் “எனக்குத் தெரியாது” என்று சொல்ல முடியாது. பதிவாகாத காகிதத்தை வைத்திருப்பவருக்கு இந்தக் காப்பு இல்லை. விற்றவர் அதே ஃப்ளாட்டை விவரம் அறியாத இன்னொருவருக்கு விற்றுப் பதிந்துவிட்டால், நியாயமாகப் பணம் கொடுத்த அந்த ஆளை அசைப்பது கடினம். வங்கிக் கடனும் சொசைட்டியின் ஷேர் சர்டிபிகேட் மாற்றமும்கூட இந்தப் பதிவைக் கேட்டு நிற்கும்.

பவர் பத்திரம் இந்த வரிசையில் கடைசி. 2011-இல் சூரஜ் லாம்ப் வழக்கில், பவர் வழியாகச் செய்யும் ‘விற்பனை’ உரிமையை மாற்றாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தாராவி பக்கம், விற்கக் கூடாத காலம் முடியாத எஸ்ஆர்ஏ வீடுகள் (குடிசை மறுவாழ்வுத் திட்ட வீடுகள்) இப்படிக் கை மாறுவது நமக்குத் தெரியாததல்ல. அங்கே பிரச்சினை பதிவு மட்டுமல்ல. சட்டம் தடுத்த விற்பனையை நிறைவேற்றித் தரச் சொல்லி எந்த நீதிமன்றத்திலும் கேட்க முடியாது. விலை குறைவாக இருப்பதன் காரணமும் அதுதான்.

ஏற்கெனவே பதிவாகாத ஒப்பந்தம் கையில் இருப்பவர் தேதியைப் பார்க்க வேண்டும். கையெழுத்தான நாளிலிருந்து 4 மாதத்துக்குள் பதியலாம். அதன்பின் இன்னொரு 4 மாதம், கட்டணத்தின் 10 மடங்குவரை அபராதத்தோடு. அதுவும் தாண்டினால், பழைய ஒப்பந்தத்தை இணைத்து ‘கன்ஃபர்மேஷன் டீட்’ (உறுதிப்படுத்தும் பத்திரம்) போட்டுப் பதிவது மும்பையில் வழக்கம். அதற்கு விற்றவர் மறுபடி கையெழுத்துப் போட வர வேண்டும். வர மறுத்தால் வழக்குதான். ஒப்பந்தத்தில் குறித்த நாளிலிருந்து 3 ஆண்டு கெடு. நாள் குறிக்கவில்லை என்றால் அவர் மறுத்தது தெரிந்த நாளிலிருந்து. மீதிப் பணம் கட்டத் தயாராக இருந்ததையும் நீங்களே காட்ட வேண்டும். வழக்குப் போட்டதோடு நிறுத்திவிடாமல், வழக்கு நிலுவையில் இருக்கிறது என்ற ‘லிஸ் பெண்டன்ஸ்’ அறிவிப்பையும் சார்பதிவாளரிடம் பதியச் சொல்லுங்கள். மும்பைச் சொத்துகளுக்காகச் சொத்து மாற்றச் சட்டத்தில் 1939-இல் வந்த திருத்தம் அது. இந்த அறிவிப்பு பதிவாகாவிட்டால், வழக்கு நடக்கும்போதே ஃப்ளாட்டை வாங்குபவரும் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர் என்ற விதி அவர்மீது செல்லாது.