இருபது வருடக் கடனா, பதினைந்தா?

கொழிஞ்சாம்பாறையில் வீடு கட்டும் மச்சானுக்கு 25 லட்சம் கடன் தேவை. அவருக்குத் தென்னந்தோப்பு வருமானம்தான். வட்டி 8.5 சதவீதம் என்று வைத்துக் கணக்குப் போட்டோம்.

இருபது வருடம் என்றால் மாதத் தவணை சுமார் 21,700 ரூபாய். பதினைந்து என்றால் 24,600. மச்சானுக்கு முதலாவதுதான் பிடித்தது. தேங்காய் விலை இறங்கினாலும் சமாளித்துவிடலாம் என்றார். நியாயம்தான். ஆனால் முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள்: வட்டிக்கே 17,708 போகிறது. இருபது வருடக் கடனில் அசலில் கழிவது நாலாயிரம்கூட இல்லை. மற்றதில் ஏழாயிரத்தை நெருங்குகிறது. கடைசியில் மொத்த வட்டி இங்கே 27 லட்சம், அங்கே 19 லட்சம். மாதம் மூவாயிரத்துக்கும் குறைவான வித்தியாசம், எட்டு லட்சம் ஆகிவிடுகிறது!

மாதச் சம்பளக்காரர் என்றால் பதினைந்தையே எடுங்கள் என்பேன். தோப்பு வருமானத்துக்கு அது நெருக்கும். மச்சான் இருபதே எடுக்கட்டும், ஆனால் காய் வெட்டிய காசு வரும்போதெல்லாம் அசலில் கட்டிவிட வேண்டும். மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது. 2012லேயே ரிசர்வ் வங்கி நிறுத்திவிட்டது. அப்புறம், வட்டி ஏறினால் வங்கி தவணையைக் கூட்டாமல் வருடத்தை நீட்டிவிடலாம். அப்படி வங்கியிலிருந்து கடிதம் வந்தால் அன்றே போய்க் கேளுங்கள்.