எஃப்டிஎன் பதிவு: எண் எளிது, பெயர்தான் கடினம்

அமெரிக்காவில் விமானம் ஓட்டக் கற்றுக்கொள்ள விரும்புகிறவர், அங்கு நடக்கும் எழுத்துத் தேர்வுக்கு நாள் குறிப்பதற்கு முன்பே எஃப்டிஎன் எனப்படும் விண்ணப்பதாரர் அடையாள எண்ணைக் கையில் வைத்திருக்க வேண்டும். எஃப்ஏஏ என்று சுருக்கமாக அழைக்கப்படும் அமெரிக்க விமானப் போக்குவரத்து நிர்வாகம், 2020 ஜனவரி 13 முதல் இந்த விதியை நடைமுறைப்படுத்தி வருகிறது. தனியார் விமானி உரிமம் பெறுகிறவருக்கு மட்டும் உரிய விதி அல்ல இது. விமானப் பழுது பார்ப்பவர், ட்ரோன் இயக்குபவர் என்று அந்த நிர்வாகத்தின் எழுத்துத் தேர்வுக்கு அமரும் எவருக்கும் பொருந்தும். எண்ணை வழங்குவது ஐயாக்ரா என்ற அரசு இணையதளம். கட்டணம் கிடையாது.

காட்பாடியில் விண்ணப்பங்களை நிரப்பித் தரும் சிறிய மையம் ஒன்றை நடத்துகிறேன். சாதிச் சான்றிதழ் முதல் அமெரிக்க விசா வரை பலவகைப் படிவங்கள் என் மேசைக்கு வருகின்றன. என் அக்கா மகள் அமெரிக்கப் பயிற்சிப் பள்ளி ஒன்றில் இடம் பெற்றபோது இந்தப் பதிவை அவளுடன் அமர்ந்து செய்தேன்; அதன் பிறகு வேறு சில மாணவர்களுக்கும் உதவினேன். அந்த அனுபவத்தில் இந்தச் சேவையைப் பற்றிச் சொல்ல வேண்டியது இதுதான்: எண்ணை வாங்குவது மிக எளிது, ஆனால் அந்த எளிமை, பெயரைச் சரிபார்க்கும் பொறுப்பு முழுவதையும் விண்ணப்பதாரரின் தலையில் வைத்துவிடுகிறது.

முதலில் எளிய பகுதியைச் சொல்லிவிடுகிறேன். பதிவுப் பக்கத்தில் நாம் யார் என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும்; விண்ணப்பதாரர், பரிந்துரைக்கும் பயிற்றுநர், சான்றளிக்கும் அதிகாரி என்று பல பொறுப்புகள் வரிசையாக இருக்கும். புதிதாகப் போகும் மாணவர் விண்ணப்பதாரர் என்பதை மட்டும் தேர்ந்தெடுத்தால் போதும். இதுவரை அமெரிக்க உரிமம் எதையும் பெறாதவர் உரிம எண் கேட்கும் கட்டத்தை வெறுமையாக விட்டுவிடலாம். அமெரிக்கச் சமூகப் பாதுகாப்பு எண்ணைக் கேட்கும் இடத்தைப் பார்த்து நம் பிள்ளைகள் திகைத்து நின்றுவிடுகிறார்கள்; அது கட்டாயம் அல்ல. பிறந்த தேதியை மாதம், நாள், ஆண்டு என்ற வரிசையில் எழுதுவது அமெரிக்க வழக்கம் என்பதை மறக்கக் கூடாது. ஏப்ரல் 7 அன்று பிறந்தவர் நம் வழக்கப்படி நாளை முதலில் எழுதினால் ஜூலை 4 அன்று பிறந்தவராகிவிடுவார், கணினியும் அதில் எந்தத் தவறையும் காணாது. இவ்வளவையும் முடித்தால், ஓர் ஆங்கில எழுத்தும் ஏழு இலக்கங்களும் கொண்ட எண் வந்துவிடும். ஒரு தேநீர் குடித்து முடிக்கும் நேரத்தில் ஓர் அரசாங்கம் ஒருவருக்கு வாழ்நாள் முழுமைக்குமான எண்ணைக் கொடுப்பதை நம் ஊர் வழக்கத்தில் பார்த்துப் பழகியவர்களுக்கு முதலில் சந்தேகமே வரும். ஆனால் எண் உண்மையானதுதான்.

இனி பெயருக்கு வருகிறேன். இந்த மதிப்புரையை எழுதத் தூண்டியதே அதுதான்.

ஐயாக்ரா முதற்பெயர், நடுப்பெயர், கடைசிப்பெயர் என்று கேட்கிறது. வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் பக்கத்துப் பிள்ளைக்கு இருப்பதோ ஒரு பெயரும் தந்தை பெயரின் முதலெழுத்தும் மட்டுமே. பள்ளி மதிப்பெண் பட்டியலில் எஸ். யாழினி என்றிருப்பாள், ஆதாரில் யாழினி சேகர் என்றிருப்பாள், பாஸ்போர்ட்டில் இயற்பெயர் யாழினி என்றும் குடும்பப்பெயர் என்ற இடம் காலியாகவும் இருக்கும். இவை மூன்றும் ஒருவரையே குறிக்கின்றன என்பது நமக்குத் தெரியும், ஒக்லஹோமா நகரில் சான்றிதழ்ப் பிரிவில் அமர்ந்திருப்பவருக்கு எப்படித் தெரியும்? “மாமா, இந்தக் கட்டத்துல என் பேரா, அப்பா பேரா?” என்று அக்கா மகள் கேட்டபோது, அவளுடைய பாஸ்போர்ட்டைத் திறந்து அதில் அச்சாகியிருப்பதைத் தவிர வேறு எதையும் எழுதக் கூடாது என்று சொன்னேன். இந்தப் பதிவில் கடைப்பிடிக்க வேண்டிய விதி உண்மையில் அது ஒன்றே. தேர்வு மையத்தில் காட்டப் போகும் அடையாள ஆவணத்தில் உள்ள பெயரும் ஐயாக்ராவில் உள்ள பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒத்திருக்க வேண்டும்.

குடும்பப்பெயர் காலியாக உள்ள பாஸ்போர்ட்தான் பெரிய சிக்கல். அப்படிப்பட்டவருக்கு வழங்கப்படும் அமெரிக்க விசாவில், இருக்கும் ஒரே பெயர் குடும்பப்பெயராகவும், முதற்பெயர் இருக்க வேண்டிய இடத்தில் எஃப்என்யு, அதாவது முதற்பெயர் தெரியாது என்ற குறிப்பும் அச்சாகிவிடுகின்றன. பயிற்சிப் பள்ளி தரும் சேர்க்கை ஆவணம், அமெரிக்கப் போக்குவரத்துப் பாதுகாப்பு நிர்வாகத்தின் சரிபார்ப்பு, எழுத்துத் தேர்வு, மருத்துவச் சான்று என்று ஒவ்வொரு படியிலும் அந்தக் குறிப்பு கூடவே வரும். ஆகவே இன்னும் விசாவுக்கு விண்ணப்பிக்காதவர்களுக்கு நான் கொடுக்கும் ஆலோசனை, எஃப்டிஎன் பதிவை அன்றைக்கு ஒத்திவைத்துவிட்டு, முதலில் வேலூர் அஞ்சலக பாஸ்போர்ட் சேவை மையத்துக்குப் போய், தந்தை பெயரைக் குடும்பப்பெயராகச் சேர்த்துப் பாஸ்போர்ட்டை மறுவெளியீடு செய்து வாங்குங்கள் என்பதுதான். இலவசமாகக் கிடைக்கும் எண் எங்கும் போய்விடாது.

நடுப்பெயர் குறித்தும் ஒரு சொல். எஃப்ஏஏயின் 8710-1 எண் கொண்ட விண்ணப்பப் படிவத்தின் குறிப்புகளில், நடுப்பெயர் இல்லாதவர் அதைத் தெளிவாகக் குறிப்பிட வேண்டும் என்றும், நடுப்பெயராக வெறும் எழுத்து மட்டுமே இருப்பவர் அதையும் அப்படியே சொல்ல வேண்டும் என்றும் உள்ளது. இதைப் படித்ததும் நம் பிள்ளைகள், ஆகா, நமக்காகவே எழுதியிருக்கிறார்கள் என்று இனிஷியலை அங்கே வைத்துவிடப் பார்க்கிறார்கள். பாஸ்போர்ட்டில் இல்லாத இனிஷியலை அங்கே எழுதக் கூடாது. சிஎம்சி மருத்துவமனைக்கு வங்காளத்திலிருந்தும் வடகிழக்கிலிருந்தும் வருகிறவர்களின் பெயர்களை ஆண்டுக்கணக்காகப் படிவங்களில் ஏற்றி வருவதால், பெயர் முறை இந்த நாட்டுக்குள்ளேயே எவ்வளவு மாறுகிறது என்பதை அறிவேன். வெளிநாட்டுப் படிவம் எல்லோரையும் மூன்று கட்டங்களில் அடக்கப் பார்ப்பதில் எனக்கு வியப்பில்லை.

இந்த இடத்தில் நம் நாட்டு நடைமுறையை ஒப்பிட்டுப் பார்ப்பது பொருத்தமாக இருக்கும். இந்திய விமானி உரிமத் தேர்வு எழுத வேண்டுமானால், நம் நாட்டு விமானப் போக்குவரத்து இயக்குநரகமான டிஜிசிஏயின் பரீக்ஷா தளத்தில் கணினி எண் எனப்படும் விண்ணப்பதாரர் எண்ணைப் பெற வேண்டும். அதற்கு மதிப்பெண் பட்டியல் வேண்டும், பன்னிரண்டாம் வகுப்பில் இயற்பியலும் கணிதமும் படித்திருக்க வேண்டும், மதிப்பெண் பட்டியல் உண்மையானதுதான் என்று தேர்வு வாரியத்தின் சரிபார்ப்பும் வேண்டும். நடையாய் நடக்க வேண்டியிருப்பதாகப் பெற்றோர் சலித்துக்கொள்வது நியாயமே. எனினும் அந்த எண் கிடைக்கும்போது, விண்ணப்பித்தவர் யார் என்பதை ஒருவர் பார்த்து உறுதி செய்திருக்கிறார். எஃப்டிஎன் எதையும் உறுதி செய்வதில்லை. நாம் சொன்னதை அது அப்படியே ஏற்றுக்கொள்கிறது. சரிபார்ப்பு பின்னால், தேர்வு மையத்தின் வாசலிலும், பயிற்றுநரோ தேர்வாளரோ அடையாள ஆவணத்தைக் கையில் வாங்கிப் பார்க்கும் நேரத்திலும்தான் நடக்கிறது. எழுத்துத் தேர்வுக்கான கட்டணம் 175 டாலர். பிழை அந்தக் கட்டத்தில் வெளிப்பட்டால் என்ன ஆகும் என்பதைச் சொல்லத் தேவையில்லை. வசதி என்று பார்த்தால் அமெரிக்க முறைக்கே என் வாக்கு. ஆனால் வெளிநாட்டிலிருந்து விண்ணப்பிக்கும், மூன்று பெயர்க் கட்டங்களுக்குள் அடங்காத ஒரு பிள்ளைக்கு, முன்கூட்டியே தடுத்து நிறுத்திக் கேள்வி கேட்கும் முறைதான் பாதுகாப்பானது என்றும் தோன்றுகிறது.

அமெரிக்காவில் பயின்று திரும்பி அந்த உரிமத்தை இந்திய உரிமமாக மாற்ற நினைக்கிறவர் டிஜிசிஏ தேர்வுகளையும் எழுத வேண்டும் என்பதால், கணினி எண்ணும் ஒரு நாள் வேண்டியிருக்கும். எனவே மதிப்பெண் பட்டியலிலும் பாஸ்போர்ட்டிலும் பெயர் ஒத்திருக்கச் செய்யும் வேலையை எந்தப் பக்கம் போனாலும் தவிர்க்க முடியாது.

முகவரிப் பகுதியிலும் கொஞ்சம் நிதானம் தேவை. பறக்கும் தேர்வில் தேறியதும் கிடைப்பது 120 நாட்கள் செல்லுபடியாகும் தற்காலிகச் சான்றிதழ். நிரந்தர அட்டை தபாலில்தான் வருகிறது. வேலூர் மாவட்டம் 2019-இல் மூன்றாகப் பிரிந்த பிறகும், ஆற்காடு, வாலாஜாப்பேட்டைப் பகுதிகளில் பலருடைய பாஸ்போர்ட்டில் வேலூர் மாவட்டம் என்றே இருக்கிறது. இன்னும் வட ஆற்காடு என்று எழுதும் பெரியவர்களும் உண்டு. பழைய எண், புதிய எண், குறுக்குத் தெரு, பேருந்து நிலையம் பின்புறம் என்று நாம் வழக்கமாகச் சேர்ப்பவை அனைத்தும் அந்தக் கட்டத்துக்குள் அடங்காது. புதிய கதவு எண், தெரு, ஊர், 632 என்று தொடங்கும் அஞ்சல் குறியீடு ஆகியவை போதும்.

முகவரியோடு தொடர்புடைய புதிய விதி ஒன்றைப் பலர் இன்னும் அறியாமல் இருக்கிறார்கள். அமெரிக்காவில் வசிப்பிட முகவரி இல்லாத ஒருவர் எஃப்ஏஏ சான்றிதழுக்கு விண்ணப்பித்தால், அவர் சார்பில் அந்த நிர்வாகத்தின் ஆவணங்களைப் பெற்றுக்கொள்ள அமெரிக்காவில் ஒரு முகவரை நியமிக்க வேண்டும். புதிய விண்ணப்பதாரர்களுக்கு 2025 ஜனவரி 6 முதலும், ஏற்கெனவே சான்றிதழ் வைத்திருப்பவர்களுக்கு அதே ஆண்டு ஜூலை 7 முதலும் இது நடைமுறையில் உள்ளது. முகவர் தனிநபராக இருந்தால் 18 வயது நிரம்பியவராக இருக்க வேண்டும். தபால் பெட்டி எண் மட்டும் இருந்தால் செல்லாது, வீட்டு முகவரி வேண்டும். டல்லாஸிலோ நியூ ஜெர்சியிலோ சித்தப்பா மகனோ பெரியம்மா மகளோ இல்லாத குடும்பம் நம் பக்கத்தில் இப்போது குறைவு. இருந்தாலும், அவர்களைக் கேட்காமல் அவர்கள் முகவரியை எழுதிவிடக் கூடாது.

உயரத்தை அங்குலத்திலும் எடையைப் பவுண்டிலும் கேட்பது எண் பெறும்போது அல்ல, பின்னர் உரிமத்துக்கான விண்ணப்பத்தை நிரப்பும்போது. அதைச் சிறு தொல்லை என்றே சொல்வேன். மருத்துவச் சான்றுக்கு மெட்எக்ஸ்பிரஸ் என்ற வேறு தளம் இருக்கிறது, அதற்குத் தனிக் கணக்குத் தொடங்க வேண்டும், அங்கே விவரங்களை ஏற்றிய 60 நாட்களுக்குள் எஃப்ஏஏ அங்கீகரித்த மருத்துவரைப் பார்த்துவிட வேண்டும். ஒரே நிர்வாகத்தின் இரண்டு தளங்களுக்கு இரண்டு கணக்குகள் என்பது சரியான வடிவமைப்பாக எனக்குப் படவில்லை. உதவி மையத்தை நாடினால் அங்கு பகல், இங்கு நள்ளிரவு.

இவ்வளவு எளிய பதிவை இங்குள்ள சில ஆலோசனை நிறுவனங்கள் கட்டணச் சேவையாக விற்கின்றன. நிறுவனத்தின் பெயரைச் சொல்ல விரும்பவில்லை; ராணிப்பேட்டையிலிருந்து வந்த ஒரு மாணவர் காட்டிய ரசீதில், பதிவுக் கட்டணம் என்று ஒரு தொகை தனியாகக் குறிக்கப்பட்டிருந்தது. தொகையைக்கூட மறந்துவிடலாம். பதிவில் கொடுக்கப்பட்டிருந்த மின்னஞ்சல் அந்த நிறுவனத்துடையது, பயனர் பெயரும் கடவுச்சொல்லும் அவர்களிடமே இருந்தன, மாணவரிடம் இருந்தது எண் மட்டும்தான். கேட்டுப் பெறுவதற்குத் தயங்கி, புதிதாக ஒரு பதிவு செய்துகொள்ளட்டுமா என்று என்னிடம் கேட்டார். கூடாது என்று தடுத்தேன். ஒருவருக்கு ஓர் எண்தான். எழுத்துத் தேர்வின் முடிவு அந்த எண்ணோடு இணைந்து நிற்கும், இரண்டாவது எண் உருவானால் முடிவு ஓரிடத்திலும் விண்ணப்பம் வேறிடத்திலுமாகக் கிடக்கும். அந்தப் பிள்ளையின் தந்தை நேரில் போய்ப் பேசிய பிறகே கணக்கு மாணவர் கைக்கு வந்தது.

எண் மட்டும் கையில் இருந்தால் போதாதா என்று கேட்பவர்களுக்காக இதையும் சேர்த்து எழுதுகிறேன். மாணவ விமானி சான்றிதழானாலும் பிறகு வரும் உரிமமானாலும், விண்ணப்பத்தை ஐயாக்ராவில் நிரப்பிக் கையொப்பமிடுவது மாணவரே. பயிற்றுநர் தம் கணக்கில் நுழைந்து பரிந்துரைப்பார். பறக்கும் தேர்வு நாளில் தேர்வாளர் அடையாள ஆவணத்தைப் பார்த்துவிட்டுக் கணினியை மாணவர் பக்கம் திருப்புவார். அப்போது மாணவர் தம்முடைய பயனர் பெயரையும் கடவுச்சொல்லையும் தட்டச்சு செய்து உள்ளே போயாக வேண்டும், அங்கிருந்து வேலூருக்குத் தொலைபேசியில் கூப்பிட்டுக் கேட்டுக்கொண்டிருக்க முடியாது.