டி.ராஜேந்தரும் கங்கை அமரனும்: எழுதி இசையமைத்த இருவர்

பாட்டெழுதி, மெட்டும் போட்டு, படமும் இயக்கியவர்கள் யார் என்று கேட்டால் தமிழ் சினிமாவில் இந்த இரண்டு பேரும் உடனே நினைவுக்கு வருவார்கள். ஆனால் வேலை பார்த்த விதம் நேரெதிர்.

ராஜேந்தருக்கு எல்லாம் தன் கையாலேயே நடக்க வேண்டும். 1980-ல் வந்த ‘ஒருதலை ராகம்’ படத்திலேயே கதை, பாட்டு, மெட்டு மூன்றும் அவருடையவை. ‘இது குழந்தை பாடும் தாலாட்டு’ பாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். தாலாட்டு கேட்க வேண்டிய குழந்தை பாடுகிறது. விடியலுக்கான பூபாள ராகம் இரவில் ஒலிக்கிறது. கைகூடாத காதலைச் சொல்ல முரண்களையே அடுக்கிக்கொண்டு போகிறார். மெட்டு அந்த வரிகளுக்கு வழிவிட்டுப் பின்னால் வருகிறது. சொல்தான் அங்கே முதலாளி.

அமரனுக்கு இந்தப் பிடிவாதம் கிடையாது. ‘16 வயதினிலே’ (1977) படத்தில் அண்ணன் இளையராஜாவின் மெட்டுக்கு ‘செந்தூரப்பூவே’ எழுதினார். அதைப் பாடிய எஸ்.ஜானகிக்குத் தேசிய விருது கிடைத்தது. ஆனால், தான் இசையமைத்த ‘வாழ்வே மாயம்’ (1982) படத்தில் ‘நீலவான ஓடையில்’ பாட்டை வாலியிடம் கொடுத்துவிட்டார்! தான் இயக்கிய ‘கரகாட்டக்காரன்’ (1989) படத்துக்கு இசை, அண்ணன்தான்.

வரிக்காகக் கேட்பதென்றால் நான் ராஜேந்தர் பக்கம். மெட்டு என்று வந்துவிட்டால் அமரன்தான்; இசையமைப்பாளராக அவருக்குக் கிடைத்த பெயர் ரொம்பக் குறைவு. அண்ணன் இளையராஜாவாக இருந்தால் வேறென்ன நடக்கும்?